எந்த மாதத்துக்கும் சேராத நாள்

விழுப்புரத்தில் ஓர் அச்சகத்தில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து கல்யாணப் பத்திரிகை டைப் செய்வதுதான் என் வேலை. பில் புத்தகம், நோட்டீஸ், கண்ணீர் அஞ்சலி போஸ்டர் எல்லாமும் அடிப்பேன். ஆனால் பெயர் வாங்கியது பத்திரிகையில்தான். "நிகழும் மங்களகரமான" என்று ஆரம்பித்தால் போதும். வருஷம், மாதம், கிழமை, திதி, நட்சத்திரம், யோகம், லக்கினம் என்று வரிசை மாறாமல் விரல்கள் அடித்துக்கொண்டே போகும். மாதா கோயிலுக்குப் போகிற குடும்பத்தில் பிறந்த எனக்கு, சிறுவயதில் படித்த ஞானோபதேசம் பாதிதான் நினைவிருக்கிறது. கரிநாள் எல்லாம் மனப்பாடம்.

ஊருக்கெல்லாம் நாள் அடித்துக் கொடுத்த எனக்கு என் கல்யாணத்துக்கு நாள் கிடைக்கவில்லை. மாப்பிள்ளை தயார். இரண்டு வீட்டிலும் சம்மதம். புடவையைக்கூட மனசுக்குள் எடுத்து வைத்தாகிவிட்டது. நாள் மட்டும் இல்லை. "ஊருக்கெல்லாம் சகுனம் சொன்ன பல்லி கழுநீர்ப் பானையில வுழுந்துச்சாம்" என்று எங்கள் முதலாளி தினமும் ஒரு தடவை சொல்லிவிட்டுத்தான் டீ குடிப்பார். அவர் வாயை அடைக்கவாவது எனக்குக் கல்யாணம் ஆக வேண்டியிருந்தது. எனக்கு வயது முப்பதைத் தாண்டியிருந்தது. கோபம் பிறவியிலேயே உண்டு.

அவன் வளவனூர்க்காரன். அவன் அப்பா அங்கே உரக்கடை வைத்திருக்கிறார். கடைக்குப் பில் புத்தகம் அடிக்க வந்தவன், முதலில் ப்ரூஃப் பார்க்க வந்தான். பிறகு ப்ரூஃப் பார்க்கத் தேவையே இல்லாதபோதும் வந்தான். ஒரு பில் புத்தகத்தில் எத்தனை தப்புதான் கண்டுபிடிக்க முடியும்? "இந்தக் கோட்ட கொஞ்சம் கீழ எறக்கலாமா?" என்று அவன் கேட்க, நான் இறக்க, மறுநாள் வந்து "மேலயே இருக்கட்டும்" என்பான். மூன்றாவது தடவை நானே கேட்டுவிட்டேன், கோட்டைப் பார்க்க வருகிறாயா, என்னைப் பார்க்க வருகிறாயா என்று. அவன் காது சிவந்து நின்றான்.

அவர்களுக்குக் கரும்பும் நெல்லும் விளைகிற சொந்த நிலம் இருக்கிறது. எங்களுக்கு வீட்டு மனையைத் தவிர மண் கிடையாது. என் அம்மா வாலிப வயசில் திண்டிவனத்தைச் சுற்றியுள்ள கழனிகளில் நாற்று நட்டவள். அப்பா போன பிறகு ஓர் ஆஸ்பத்திரியில் ஆயாவாகச் சேர்ந்து என்னைப் படிக்க வைத்தாள். அவனுக்கு அம்மா இல்லை. ஆக இந்தக் கல்யாணத்தைப் பேசித் தீர்க்க வேண்டியது இரண்டே பேர்: உரக்கடைக்காரர், என் அம்மா. அவர்கள் நிலமுள்ள வீடு, நாங்கள் நிலத்தில் வேலை செய்த வீடு. அவர்கள் அம்மன், நாங்கள் மாதா. மீதியைத் தமிழ்நாட்டில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

ஆனாலும் உரக்கடைக்காரர் மாட்டேன் என்று சொல்லவில்லை. மாட்டேன் என்று அவர் வாழ்நாளில் யாரிடமும் சொன்னதில்லையாம். கடன் கேட்டு வந்தால்கூட "இன்னிக்கு செவ்வாக்கெழம" என்றுதான் சொல்வாராம். கல்லாவுக்குப் பின்னால் தினசரி காலண்டர், மேசை டிராயரில் பஞ்சாங்கம், சட்டைப் பையில் இன்னொரு குட்டிப் பஞ்சாங்கம். என் விஷயத்திலும் அதையேதான் செய்தார். ஒரு ஆவணியில் எங்கள் வீட்டுக்கு வந்து, தண்ணீர் மட்டும் வாங்கிக் குடித்து, "புள்ள ஆசப்பட்டுட்டான், எனக்கு ஒண்ணும் இல்ல" என்றார். அதே மூச்சில், "ஆவணி முடியப் போவுது. பொரட்டாசியில நாங்க வெக்க மாட்டோம். அப்பால பாத்துக்கலாம்" என்று எழுந்துவிட்டார்.

ஐப்பசி அவன் பிறந்த மாதம். தலைப்பிள்ளைக்குப் பிறந்த மாதத்தில் செய்யக்கூடாதாம். கார்த்திகைக் கடைசியில் ஒரு நாள் கொடுத்தார். அதற்குள் எங்களுக்குத் திருவருகைக் காலம் வந்துவிட்டது, கிறிஸ்துமஸ் முடியட்டும் என்றாள் அம்மா. மார்கழி யாருக்கும் ஆகாது. தையில் அவர்கள் பங்காளி வீட்டில் ஒரு சாவு. மாசியையும் பங்குனியையும் எங்கள் தவக்காலம் எடுத்துக்கொண்டது. சித்திரையில், "இந்த வெயில்ல பந்தல்ல ஜனம் குந்துமா?" என்றார். வைகாசி ஊருக்கெல்லாம் நல்ல மாதம், என் மேசை நிறையப் பத்திரிகை. எங்களுக்கு மட்டும் குரு பார்க்கவில்லையாம். ஆனி வந்தது. "பொண்ணும் தலச்சன், புள்ளயும் தலச்சன். ஆனியில ரெண்டு தலச்சனையும் சேக்கக் கூடாது" என்றார். ஆனிக்கு அப்புறம் ஆடி. ஆடியைப் பற்றி அவர் சொல்லவே தேவையில்லை.

அவரை மட்டும் குற்றம் சொல்ல மாட்டேன். என் அம்மாவும் தவக்காலம் என்றதும் முகத்தில் ஒரு நிம்மதியோடுதான் சொன்னாள். பெண்ணை அந்த வீட்டில் எப்படி வைத்திருப்பார்களோ என்ற பயம் அவளுக்கு. ஊர் என்ன சொல்லுமோ என்ற பயம் அவருக்கு. இரண்டு பேரும் பயத்தைச் சொல்லவில்லை, காலண்டரைக் காட்டினார்கள். நடுவில் நின்று நான் வெந்தேன்.

அந்தக் கோபத்தில் பிறந்ததுதான் என் நாடு. தை மாதம் பங்காளி வீட்டுச் சாவு என்று தகவல் வந்த மறுநாள், காலை ரயிலில் திண்டிவனத்தில் ஏறி உட்கார்ந்து, போனில் கதை எழுத ஆரம்பித்தேன். கதை படிக்கிற செயலி ஒன்றில் யார் வேண்டுமானாலும் தொடர் எழுதலாம். மயிலம், பேரணி, விக்கிரவாண்டி, முண்டியம்பாக்கம் என்று ரயில் நின்று நின்று போகும். விழுப்புரம் வருவதற்குள் ஓர் அத்தியாயம் ஆகிவிடும். எல்லோரும் மாயாஜாலக் கதையில் அரண்மனை கட்டுவார்கள், டிராகன் விடுவார்கள். நான் முதல் வேலையாகக் காலண்டர் செய்தேன். கெட்ட நாளே இல்லாத ஒரு காலண்டர்.

நடுவில் ஒரு பெரிய ஆறு. கிழக்குக் கரைக்காரர்களுக்கு மாதங்கள் எல்லாம் சத்தம். பனையோலையில் காற்று உரசுகிற சத்தம் கேட்டால் ஓலை மாதம். முதல் தவளை கத்தினால் தவளை மாதம். பிறகு முற்றிய கதிர் சலசலக்கும் கதிர் மாதம், பனி சொட்டும் மாதம், குயில் மாதம், வெயிலில் நெற்று வெடிக்கும் மாதம். மேற்குக் கரைக்காரர்களுக்கு மாதங்கள் எல்லாம் மணம். புழுதி மாதம், சேற்று மாதம், நெல் பால் கட்டும் மாதம், வைக்கோல் மாதம், மாம்பூ மாதம், புகை மாதம். எந்த மாதத்துக்கும் இத்தனை நாள் என்று கணக்கு இல்லை. சத்தம் வரும்போது பிறக்கும், சத்தம் அடங்கும்போது முடியும். வாரத்துக்கு ஒன்பது நாள். கடைசி நாளுக்குப் பெயர் சும்மாநாள். அன்றைக்கு யாரும் யாருக்கும் எதுவும் சொல்லக்கூடாது, முக்கியமாகப் புத்தி சொல்லக்கூடாது. அந்த நாளை எழுதும்போது ரயிலில் தனியாகச் சிரித்தேன். எதிரில் இருந்த அம்மாள் மல்லாட்டை உரித்துத் தின்பதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

கிழக்குக் கரையில் ஒருத்தி, மேற்குக் கரையில் ஒருத்தன். அவர்கள் யார் என்று கேட்கவே வேண்டாம்.

படிக்க ஆட்கள் சேர்ந்தார்கள். அவன் எல்லோருக்கும் லிங்க் அனுப்பினான். கொஞ்சமும் யோசிக்காமல் அவன் அப்பாவுக்கும் அனுப்பிவிட்டான். "நாளு கிழமன்னா அவருக்கு உசுரு. படிக்கட்டுமே" என்றான். பங்குனியில் ஒருநாள் என் கதைக்குக் கீழே ஒரு நீளமான கருத்து வந்திருந்தது. "மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம். தங்கள் நாட்டில் வாரத்திற்கு ஒன்பது நாட்கள் என்று முதல் அத்தியாயத்தில் எழுதியிருக்கிறீர்கள். ஏழாம் அத்தியாயத்தில் கதாநாயகனின் தாயார் வெள்ளிக்கிழமை தலைமுழுகுகிறார். ஒன்பது நாள் வாரத்தில் வெள்ளிக்கிழமை எங்கிருந்து வந்தது? இப்படிக்கு, வளவனூர் வாசகர்."

எனக்கு உச்சந்தலை வரை சூடு ஏறியது. தேடிப் பார்த்தேன். ஆமாம். எண்ணெய் தேய்த்து வெள்ளிக்கிழமை தலைமுழுகியிருந்தாள் அந்தத் தாய். வேறு உலகம், வேறு ஆறு, வேறு மாதம் எல்லாம் படைத்த நான், பெண்கள் தலைக்கு ஊற்றிக்கொள்ள மட்டும் வெள்ளிக்கிழமையை விட்டுவைத்திருக்கிறேன். திருத்தினேன். "மதிப்பிற்குரிய வாசகருக்கு, நன்றி. பிழை நீக்கப்பட்டது. இப்படிக்கு, ஆசிரியர்" என்று பதில் போட்டேன். யார் என்று எனக்குத் தெரியும். யார் என்று எனக்குத் தெரியும் என்பது அவருக்கும் தெரியும். ஆனாலும் இரண்டு பேரும் முன்பின் தெரியாதவர்கள் போலவே எழுதிக்கொண்டோம். நேரில் ஒரு வார்த்தை இல்லாத மனிதர் ஊர் பார்க்க எனக்கு வணக்கம் வைத்துக்கொண்டிருந்தார்.

அதற்குப் பிறகு அவர் விடவில்லை. பனி சொட்டும் மாதத்தில் தவளை ஏன் கத்துகிறது? சும்மாநாளில் கதாநாயகி ஏன் தங்கைக்குப் புத்தி சொல்கிறாள்? வைக்கோல் மணக்கும்போது மாம்பூவும் எப்படி மணக்கும், மூக்கு ஒன்றுதானே? ஒருநாள் அடிமடியிலேயே கை வைத்தார். "கெட்ட நாளே இல்லாத நாடு என்று பெருமையாக எழுதியிருக்கிறீர்கள். ஆனால் கதிர் மாதத்திலும் புகை மாதத்திலும் இதுவரை ஒரு கல்யாணமும் தாங்கள் வைக்கவில்லை என்பதைப் பணிவுடன் சுட்டிக்காட்டுகிறேன்." எண்ணிப் பார்த்தேன். உண்மை. யாரும் கேட்காமலே என் விரல்கள் ஓர் ஆடியையும் ஒரு மார்கழியையும் அந்த நாட்டுக்குள் கடத்திக்கொண்டு போயிருக்கின்றன. எரிச்சலாக இருந்தது. மறுநாளே புகை மாதத்தில் மூன்று கல்யாணம் வைத்தேன்.

ஆனால் ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். என் கதையை அவர் அளவுக்கு யாரும் படித்ததில்லை. "சூப்பர் சிஸ்", "அடுத்த பகுதி எப்போ" என்று நூறு பேர் எழுதுவார்கள். என் ஆற்றில் எந்தப் பக்கம் மேடு, எந்தப் பக்கம் பள்ளம் என்று தெரிந்துவைத்திருந்தவர் அவர் ஒருவர்தான். உரக்கடையில் யூரியா வாங்க வருகிறவர்களிடம், "இது என்னா மாசம் தெரியுமா? ஆனின்னு சொல்லாத. புழுதி மாசம்" என்று சொல்லிக்கினு இருக்கார் என்று அவன் சொன்னான். அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது. மீன் தானாகவே வலையைச் சுற்றிக்கொண்டிருக்கிறது, இழுக்க வேண்டியதுதான் பாக்கி.

ஆனி மாதம் கதையை ஓரிடத்தில் கொண்டுபோய் நிறுத்தினேன். கிழக்குக்காரிக்கும் மேற்குக்காரனுக்கும் கல்யாணம். ஓலை மாதத்தில் மேற்குக்காரர்கள் வர மாட்டேன் என்கிறார்கள், சேற்று மாதத்தில் கிழக்குக்காரர்கள் மாட்டேன் என்கிறார்கள். இரண்டு கரைக்கும் ஒத்த நாளே இல்லை. அதோடு அத்தியாயத்தை முடித்து, கீழே எழுதினேன்: "இதற்கு வழி ஆசிரியருக்குத் தெரியவில்லை. நாள் கணக்கு அறிந்த வாசகர்கள் சொன்னால் கதை நகரும். இல்லையென்றால் இவர்கள் இப்படியே கிழவன் கிழவி ஆவார்கள்."

மறுநாள் காலை பதினொரு மணிக்கு அச்சகத்துக்கு வந்துவிட்டார். நேரில். கையில் மஞ்சப்பை.

"பில் புக்கு தீந்துபூடுச்சி" என்று முதலாளியிடம் சொன்னார். ஸ்டூலை இழுத்து என் கம்ப்யூட்டருக்குப் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் யாருடைய பத்திரிகையையோ திரையில் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தொண்டையைச் செருமினார்.

"ஏம்மா, அந்த நாட்டுல ஒரு மாசம் முடிஞ்சி அடுத்த மாசம் எப்ப பொறக்கும்?"

"சத்தம் கேட்டா பொறக்கும்ங்க."

"காத்து இன்னிக்கு நின்னுட்டுது. தவள நாலு நாள் கழிச்சித்தான் கத்துது. நடுவுல இருக்கிற நாலு நாளு எந்த மாசம்?"

நான் யோசித்ததே இல்லை. "எந்த மாசமும் இல்லீங்களே" என்றேன்.

"அதான்!" என்று மேசையைத் தட்டினார். மவுஸ் துள்ளியது. "எந்த மாசத்துக்கும் சேராத நாளு. மாசமே இல்லன்னா மாசத்தோட தோஷம் எங்க வந்து ஒட்டும்? அது எடநாளு. எடநாளுல ரெண்டு கரக்காரனும் வாயத் தொறக்க முடியாது." முகம் பளபளத்தது. முதலாளி டீ சொல்லி அனுப்பினார். பாதி டீயில் அவருக்கு அடுத்த சந்தேகம் வந்துவிட்டது. "ஆனா ஒரு ஓட்ட இருக்குது. காத்து நின்னுச்சின்னு எவன் சொல்லணும்? ஆளுக்கொண்ணு சொல்லுவானே. பேஜாரா பூடும்."

"நீங்களே சொல்லுங்க" என்றேன்.

ஒரு வேஸ்ட் பத்திரிகையின் பின்பக்கத்தில் ஆற்றை ஒரு கோடாகப் போட்டு, இந்தக் கரை, அந்தக் கரை என்று புள்ளி வைத்து, தனக்குத்தானே பேசிக்கொண்டார். கடைசியில் பேனாவை மூடிப் பையில் செருகினார். "வெதைக்கிறதுக்கு நெலத்துக்காரன் காது. பொணம் எடுக்கிறதுக்கு அந்த வூட்டுக்காரன் காது. யாரு காரியமோ அவங்க காதுதான் கணக்கு. கல்யாணத்துக்குப் பொண்ணு காது, புள்ள மூக்கு. வேற எவன் சொல்றதும் செல்லாது. இத அப்பிடியே போடு."

அப்படியே போட்டேன். கதையில் நாட்கணக்கர் என்று ஒரு பாத்திரம் கொண்டுவந்து, அவருக்கு வெள்ளை மீசையும் மஞ்சப்பையும் கொடுத்து, அவர் வாயால் தீர்ப்பு சொல்ல வைத்தேன். அந்த அத்தியாயம் பிய்த்துக்கொண்டு போனது. நாட்கணக்கர் வாழ்க என்று ஆட்கள் எழுதினார்கள். யாரோ ஒருவர், தன் தங்கை கல்யாணத்துக்கும் அவரிடம் நாள் கேட்டுச் சொல்லுங்கள் என்று எழுதியிருந்தார். உரக்கடைக்காரர் அதையெல்லாம் கடைக்கு வந்தவர்களுக்கு வாசித்துக் காட்டினாராம். பூச்சிமருந்து வாங்க வந்தவர் அரை மணி நேரம் இடைநாள் கேட்டுவிட்டுத்தான் போக முடிந்ததாம்.

ஆடி பிறந்தது. அச்சகத்தில் கல்யாணப் பத்திரிகை நின்றுபோய், அம்மன் கோயில் கூழ் ஊற்றும் நோட்டீஸ் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. அம்மாதான் போன் போட்டாள். "வருசம் திரும்பிடுச்சிங்க. வந்து ஒரு வார்த்த சொல்லிட்டுப் போங்க." ஆடியில் கல்யாணப் பேச்சே எடுக்கக்கூடாது, சும்மா பார்க்க வருகிறேன் என்று சொல்லி, ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்த நேரத்துக்கு மகனோடு திண்டிவனம் வந்தார். சும்மா வந்தவர் உட்கார்ந்ததும் பஞ்சாங்கத்தை எடுத்தார்.

"ஆவணியில மொத முகூர்த்தம், மண்டபம் எல்லாம் புக்காயிடுச்சி. ரெண்டாவது தேய்பெற. மூணாவது நாளு பையன் நட்சத்திரத்துக்கு ஆகாது" என்று விரலை நகர்த்திக்கொண்டே போனார். "எங்களுக்கும் செப்டம்பர்ல மாதா திருநாளு வருது" என்று அம்மா இழுத்தாள். இன்னொரு வருஷம். இன்னொரு சுற்று. அடுப்படியில் நின்று மோர் கலக்கிக்கொண்டிருந்த கரண்டியைச் சுவரில் அடிக்கலாம் போல இருந்தது.

நல்லவேளை, அம்மாவுக்கு மரியாதைக்கு ஏதாவது கேட்டுவைக்கும் பழக்கம் உண்டு. "கதையில என்னமோ தீர்ப்பு சொன்னீங்களாமே. இவ சொன்னா. எனக்குதான் ஒண்ணும் விளங்கல" என்றாள்.

பஞ்சாங்கம் மடியில் மூடிக்கொண்டது. மனிதர் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஆற்றிலிருந்து ஆரம்பித்தார். இந்தக் கரைக்குச் சத்தம், அந்தக் கரைக்கு மணம், மாதம் எப்படிப் பிறக்கிறது, எப்படி முடிகிறது, நடுவில் இருக்கிற நாள் எது. அம்மா ஆஸ்பத்திரியில் டாக்டர் சொல்வதைக் கேட்கிற மாதிரி தலையாட்டிக்கொண்டே கேட்டாள். "யாரு காரியமோ அவங்க காதுதான் கணக்கு" என்று கையைத் தூக்கினார். "கல்யாணத்துக்குப் பொண்ணு காது, புள்ள மூக்கு. வேற எவன் சொல்றதும் செல்லாது. நானே சொன்னாலும் செல்லாது!"

நான் மோர் டம்ளரை அவர் கையில் கொடுத்தேன். அதுவரை அவரை ஐயா என்றுகூடக் கூப்பிட்டதில்லை.

"எனக்குக் காத்து அடங்கிடுச்சி, மாமா" என்றேன்.

சொல்லி வாய் மூடவில்லை, வெளியே ஆடிக்காற்று ஜன்னல் கதவைப் படீரென்று அறைந்தது. சுவரில் மாதா படம் போட்ட காலண்டர் தாள் தாளாகப் பறந்தது. அவர் ஜன்னலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"ஏம்மா, கதவு பிச்சிக்கினு போவுது."

"எனக்குக் கேக்கல மாமா. தவளையும் இன்னும் கத்தல."

நான் சொல்லிக் கொடுக்காமலே அவன் கைக்குட்டையை எடுத்தான். நிஜமாகவே சளி. "எனக்கும் மூணு நாளா மூக்கடப்புப்பா. புழுதி வாசனயும் தெரியல, சேத்து வாசனயும் தெரியல."

அம்மாவுக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் விளங்கியது. "அப்ப இன்னிக்கு எந்த மாசமும் இல்லியா?" என்று அவரையே கேட்டாள். அம்மா விரலை மடக்கிக் கணக்குப் போட்டாள். "கோயில்ல மூணு ஞாயித்துக்கெழம கல்யாண ஓல வாசிச்சி அறிவிக்கணும். அதுவரைக்கும் காத்து அடங்கியே இருக்குமாடி?"

வருஷம் முழுக்கத் தவக்காலம் சொன்ன என் அம்மாவா கேட்டாள்! "இருக்கும்மா" என்றேன்.

அவர் மோரைக் கீழே வைத்தார். முதல் தடவையாக நாளைப் பற்றிப் பேசாமல் பேசினார். "ஆடியில செஞ்சா ஊர்ல என்னா சொல்லுவாங்க தெரியுமா?" குரல் தாழ்ந்திருந்தது. ஆடியை மட்டும் அவர் சொல்லவில்லை என்பது அந்த அறையில் எல்லோருக்கும் தெரியும்.

"நாளு சரியில்லன்னு சொல்றவங்க சொல்லட்டும் மாமா. பொண்ணு சரியில்லன்னு நீங்க நெனைக்காம இருந்தா எனக்குப் போதும்."

அவர் மோர் டம்ளரை மறுபடி எடுத்தார். முழுசாகக் குடித்தார். ஒரு வருஷத்தில் எங்கள் வீட்டில் தண்ணீரைத் தவிர அவர் குடித்த முதல் பொருள் அது. பஞ்சாங்கத்தைத் திறக்காமலே சட்டைப் பைக்குள் போட்டார்.

"பொன் கெடச்சாலும் பொதன் கெடைக்காது. கடைசி பொதன்ல வெச்சிக்கலாம்" என்றார்.

ஆடியில் கல்யாணம் வைப்பதில் எத்தனை சௌகரியம் என்று செய்தவர்களுக்குத்தான் தெரியும். வளவனூரில் எந்த மண்டபம் வேண்டும் என்று எங்களைக் கேட்டார்கள். சமையல்காரர், மேளக்காரர், போட்டோக்காரர் எல்லோரும் வீட்டில் சும்மா இருந்தார்கள். எங்கள் அச்சகத்தில் மெஷின் காலியாக இருந்தது. பத்திரிகையை நான்தான் டைப் செய்தேன். "நிகழும் மங்களகரமான" வரை விரல்கள் தாமாகப் போய், மாதம் வந்த இடத்தில் நின்றன. மாமா ப்ரூஃப் பார்க்க வந்திருந்தார். "ஆடின்னு போடாத" என்றார். "ஓலை மாதம் அடங்கி, தவளை மாதம் பிறவாத இடைநாள், புதன்கிழமை. அப்பிடிப் போடு. கீழ இங்கிலீஷ் தேதி போட்டுக்கோ."

நான் அடித்தேன். அடித்துவிட்டு அவர் பக்கம் திரும்பினேன். பங்குனியிலிருந்து காத்திருந்த சந்தர்ப்பம். "மதிப்பிற்குரிய வாசகர் அவர்களுக்கு, வணக்கம். ஒன்பது நாள் வாரத்தில் புதன்கிழமை எங்கிருந்து வந்தது?"

முதலாளி திரும்பிப் பார்க்கும்படி மாமா சிரித்தார். பல்லி கழுநீர்ப் பானையை விட்டு ஏறிவிட்டது என்று அன்றைக்கு முதலாளி எல்லோருக்கும் வடை வாங்கித் தந்தார்.

புதன்கிழமை காலையில் திண்டிவனம் மாதா கோயிலில் சாமியார் ஆசீர்வாதம் செய்தார். அங்கிருந்து வேன் வைத்து வளவனூர் வந்து, மண்டபத்தில் தாலி. வேறு கல்யாணமே இல்லாததால் அழைத்த எல்லோரும் வந்துவிட்டார்கள். வராமல் இருக்கக் காரணம் தேடியவர்களுக்குக்கூட வேறு முகூர்த்தம் கிடைக்கவில்லை. எங்கள் தெருவும் அவர்கள் தெருவும் ஒரே பந்தியில் அடுத்தடுத்து உட்கார்ந்திருந்தன. என் அம்மாவுக்கு இலை போட்டு, "நல்லா போட்டு சாப்புடுங்க" என்று மாமா பக்கத்திலேயே நின்றார். நாற்று நட்ட கை அது. நிதானமாகப் பருப்பைப் பிசைந்தது. நான் மணமேடையிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தேன். எனக்கு அதுவரை இருந்த கோபம் எல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை.

அந்த நேரம் பார்த்துக் காற்று எடுத்தது. வாசல் பந்தல் துணி படபடவென்று அடித்துக்கொண்டு, வாழைமரம் ஒன்று சாய்ந்தது. பங்காளி ஒருவர், வயசானவர், எங்கள் கல்யாணத்தில் அவருக்கு ஆரம்பத்திலிருந்தே இஷ்டமில்லை, துண்டைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றார். பந்தி முழுக்கக் கேட்கும்படி சொன்னார். "ஆடியில எவனாவது கல்யாணம் வெப்பானா? எடநாளாம் எடநாளு. பாரு, ஆடிக் காத்து பந்தலையே தூக்கிக்கினு போவுது!"

என் அம்மா சோற்றிலிருந்து கையை எடுத்தாள்.

மாமா கையில் அப்பளக் கூடை இருந்தது. அவர் நிதானமாக வாசலைப் பார்த்தார். பந்தலைப் பார்த்தார். பிறகு மேடையில் இருந்த என்னைப் பார்த்தார்.

"காத்தா?" என்றார். "எங்க மருமவளுக்குக் கேக்கலியே. எல போட்டாச்சி, குந்து."